செங்கோட்டை கேரளாவில் இருந்ததா? ஒரு பழைய பத்திரத்தை முன்வைத்து

கேள்வி கேட்டவர் சென்னையில் வேலை பார்க்கிறார். தாத்தாவின் ஊர் செங்கோட்டைக்கு மேற்கே புளியரை. வீட்டுப் பரணில் ஒரு பழைய பத்திரம் கிடைத்திருக்கிறது. மேலே சங்கு முத்திரை, ஆண்டு ‘கொல்லம் 1098 தை’, தொகை ‘350 பணம்’. “செங்கோட்டை முன்பு கேரளாவில் இருந்தது என்கிறார்களே, உண்மையா? எப்படி அங்கே போனது, எப்படி இங்கே வந்தது? குடும்பத்தைப் பற்றியும் ஊரைப் பற்றியும் மேற்கொண்டு தெரிந்துகொள்ள எங்கே போய்த் தேடுவது?” என்று எழுதியிருக்கிறார். நான் செங்கோட்டையில் பத்திரம் எழுதிப் பிழைப்பவன். இந்த மாதிரித் தாள்கள் என் மேசைக்கு வந்துகொண்டேதான் இருக்கின்றன. கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் அந்தக் ‘கேரளாவில் இருந்தது’ என்ற பேச்சைச் சரிசெய்துவிடலாம். செங்கோட்டை கேரள மாநிலத்தில் ஒரு நாள்கூட இருந்ததில்லை. கேரளம் என்ற மாநிலம் பிறந்தது 1956 நவம்பர் 1. செங்கோட்டை சென்னை மாநிலத்துக்கு வந்ததும் அதே நாள்தான். அதற்கு முன்பு அது திருவிதாங்கூர் சமஸ்தானம். 1949 ஜூலையில் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்து ஒரு மாநிலமானபோது அதில் இருந்தது. திருவிதாங்கூர் என்பது மலையாளிகளின் அரசு மட்டும் என்று நினைப்பதால்தான் இந்தக் குழப்பம் வருகிறது. அந்த அரசில் தெற்கே தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, கிழக்கே செங்கோட்டை என்று தமிழ் பேசும் தாலுகாக்கள் இருந்தன. அந்த மக்கள் வெளியிலிருந்து போய்க் குடியேறியவர்கள் இல்லை. அரசின் பெயர்கள் மாறிக்கொண்டிருந்தன, இவர்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள்.

இனி உங்கள் கையில் உள்ள தாள். கொல்லம் ஆண்டு என்பது இந்தப் பக்கத்துப் பழைய ஆண்டுக்கணக்கு, அது ஆவணி முதல் தேதி பிறக்கிறது. ஆவணியிலிருந்து டிசம்பர் முடிய உள்ள தேதி என்றால் கொல்லம் ஆண்டோடு 824 கூட்டுங்கள். ஜனவரி பிறந்ததிலிருந்து ஆடி முடிய 825 கூட்டுங்கள். உங்கள் பத்திரம் 1098 தை, ஆகவே 1923 ஜனவரி அல்லது பிப்ரவரி. கேரளத்துப் பெரியவர்கள் ‘தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு வெள்ளம்’ என்று இன்றும் சொல்கிற பெருவெள்ளம் கொல்லம் 1099 ஆடியில், அதாவது 1924 ஜூலையில் வந்தது. உங்கள் தாத்தா கையெழுத்துப் போட்டது அதற்கு ஒன்றரை வருஷம் முந்தி.

ஒன்றைக் கவனியுங்கள். கொல்லம் ஆண்டை மட்டும் பார்த்து அது திருவிதாங்கூர்ப் பத்திரம் என்று முடிவுகட்டக் கூடாது. வெள்ளைக்காரன் ஆண்ட திருநெல்வேலிச் சீமையிலும் கொல்லம் ஆண்டு புழக்கத்தில் இருந்தது. அடையாளம் அந்தச் சங்குதான். அது திருவிதாங்கூர் அரசின் முத்திரை. செங்கோட்டைக்குள் நுழையும் இடத்தில் இருக்கிற பழைய தோரணவாயிலில் அதே சங்கு இருக்கிறது. ஊருக்கு வரும்போது வண்டியை நிறுத்தி அண்ணாந்து பாருங்கள். உங்கள் தாளில் இருப்பதோடு ஒப்பிட்டுக்கொள்ளலாம்.

350 பணம் எவ்வளவு? திருவிதாங்கூர்க் கணக்கில் 16 காசு ஒரு சக்கரம், 4 சக்கரம் ஒரு பணம், 7 பணம் ஒரு சர்க்கார் ரூபாய். அப்படியானால் 350 பணம் 50 சர்க்கார் ரூபாய். ஆனால் பிரிட்டிஷ் ரூபாய்க்கு 28 சக்கரம் போதாது, 28½ சக்கரம் கொடுக்க வேண்டும். அந்தக் கணக்கில் இது சுமார் 49 ரூபாய் 2 அணா. தென்காசிச் சந்தையில் நெல் விற்றுவிட்டுச் செங்கோட்டைத் தாலுகா கச்சேரியில் (அரசு அலுவலகத்தில்) வரி கட்டியவர்கள் இந்த அரைச் சக்கர வித்தியாசத்தை மனக்கணக்காகவே போட்டுக்கொண்டிருப்பார்கள். பத்திரத்தில் வேறெங்காவது ‘பிரிட்டிஷ் ரூபாய்’ என்று வந்தால் ‘சர்க்கார் ரூபாய்’ உடன் கலந்துவிடாதீர்கள்.

அப்புறம் சில சொற்கள். ‘பகுதி’ என்று ஊர்ப்பெயரோடு வந்தால், வருவாய்க் கிராமம் என்று இன்று சொல்கிறோமே, கிட்டத்தட்ட அது. ‘ஒற்றி’ என்று இருந்தால் அது விற்பனைப் பத்திரம் இல்லை. பணம் கொடுத்தவர் நிலத்தை அனுபவித்துக்கொள்வார், பணத்தைத் திருப்பிக் கொடுத்து மீட்டுக்கொள்ளலாம். ‘தண்டப்பேர்’ என்று ஓர் எண் இருந்தால் அதைப் பத்திரமாகக் குறித்துவையுங்கள். யார் பேரில் எவ்வளவு வரி என்று திருவிதாங்கூர் வருவாய்த் துறை வைத்த பேரேட்டின் எண் அது. ‘பண்டாரப்பாட்டம்’ என்று வந்தால் உங்கள் குடும்பம் அரசு நிலத்தைப் பாட்டத்துக்கு எடுத்து உழுத குடும்பம். 1865-ல் திருவிதாங்கூர் அரசு ஒரு விளம்பரம், அதாவது பொது அறிவிப்பு ஆணை, போட்டது. பண்டாரப்பாட்ட நிலத்தை உழுதவர்கள் அதை விற்கலாம், ஒற்றி வைக்கலாம், பிள்ளைகளுக்கு விட்டுப் போகலாம் என்று அந்த விளம்பரம் உரிமை கொடுத்தது. உழுதவன் கைக்கு நிலம் வந்த கதையில் இது மிகப் பெரிய படி. எங்கள் பக்கத்துப் பழைய வேளாண் குடும்பங்கள் பலவற்றின் சொத்து வரலாறு இங்கேதான் தொடங்குகிறது.

சரி, செங்கோட்டை எப்படித் திருவிதாங்கூருக்குள் போனது? இதற்கு வரைபடத்தில் மாநில எல்லைக் கோட்டை அழித்துவிட்டு மலையை மட்டும் பார்க்க வேண்டும். மேற்குத் தொடர்ச்சி மலை ஆரியங்காவுப் பக்கம் இறங்கிக் கொடுக்கிறது. கணவாய் கடல்மட்டத்திலிருந்து சுமார் 210 மீட்டர் உயரம்தான். மாட்டுவண்டி ஏறி இறங்கக்கூடிய வழி. ஆனி, ஆடியில் மேற்கே பெய்யும் மழை இந்த இடைவெளி வழியாகத்தான் சாரலாக இங்கே எட்டிப் பார்க்கிறது. குற்றாலம் குளிர்வதும் செங்கோட்டை வயல் பச்சையாக இருப்பதும் அதனால்தான். மலைக்கு அந்தப் பக்கம் கொட்டாரக்கரையை ஆண்ட இளையிடத்து சொரூபம் என்ற சிற்றரசின் கையில் கணவாயும் அதன் கிழக்கு வாசலான செங்கோட்டையும் இருந்தன. 1729 முதல் 1758 வரை ஆண்ட மார்த்தாண்ட வர்மா அக்கம்பக்கத்துச் சிற்றரசுகளை ஒவ்வொன்றாகச் சேர்த்துக்கொண்டபோது, 1740-களின் தொடக்கத்தில் இளையிடத்து சொரூபமும் போனது. செங்கோட்டையும் கூடவே போனது. கணவாயை வைத்திருப்பவன் இரண்டு பக்கத்து வாசலையும் வைத்திருக்க வேண்டும் என்பது எந்த அரசனுக்கும் தெரிந்த விஷயம். மொழி அன்றைக்குக் கணக்கிலேயே இல்லை.

அதன் பிறகு இரு நூற்றாண்டுகளுக்கு மேல் செங்கோட்டை தாலுகா கொல்லம் கோட்டத்தில் இருந்தது. புளியரை, பண்பொழி, இலத்தூர், ஆய்க்குடி, சாம்பவர்வடகரை எல்லாம் சங்குமுத்திரை ஊர்கள். சுமார் 8 கிலோமீட்டர் கிழக்கே தென்காசி வெள்ளைக்காரன் ஆட்சி. குற்றாலமும் அவன் ஆட்சிதான், ஆனால் அங்கே திருவிதாங்கூர் அரசருக்கு ஓர் அரண்மனை இருந்தது. அது இன்றும் கேரள அரசின் சொத்து. 1865-ல் பிரிட்டிஷ் இந்தியாவுக்கும் திருவிதாங்கூருக்கும் கொச்சிக்கும் இடையே வணிக உடன்பாடு ஏற்படும் வரை எல்லையில் சுங்கம் கட்ட வேண்டும். தபாலுக்கும் தனியாக ‘அஞ்சல்’ என்ற சமஸ்தான இலாகா இருந்தது. 1951-ல்தான் அது இந்தியத் தபாலோடு சேர்ந்தது. பெண் கொடுப்பதும் எடுப்பதும், சந்தைக்குப் போவதும், அருவியில் குளிப்பதும் தென்காசிப் பக்கம். வரி, கோர்ட், மேல்படிப்பு எல்லாம் மலைக்கு அந்தப் பக்கம். ஒரே குடும்பத்துக்கு இரண்டு அரசாங்கம்.

இந்த இரட்டை வாழ்க்கையில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது கோயில் நுழைவு. 1936 நவம்பர் 12 அன்று, கொல்லம் 1112 ஐப்பசி 27, சித்திரைத் திருநாள் மகாராஜா கோயில் நுழைவுப் பிரகடனத்தை வெளியிட்டார். அரசின் கட்டுப்பாட்டில் இருந்த கோயில்களில் பிறப்பைக் காட்டி எந்த இந்துவையும் தடுக்கக் கூடாது என்பது அதன் சாரம். திருவிதாங்கூர் முழுவதற்குமான ஆணை என்பதால் செங்கோட்டை தாலுகாவுக்கும் அது சட்டம். பக்கத்துச் சென்னை மாகாணத்தில் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைந்தது 1939 ஜூலையில். அதற்குச் சட்டப் பாதுகாப்பு கொடுத்ததும் அந்த ஆண்டுதான். அதாவது சில மைல் தூரத்தில், ஒரே சாதி, ஒரே சாமி, ஒரே சொந்தபந்தம் உள்ள மக்களில் ஒரு பக்கத்தாருக்குச் சட்டம் கதவைத் திறந்தது, இன்னொரு பக்கத்தார் ஏறக்குறைய மூன்று வருஷம் காத்திருந்தார்கள். ஆணை வந்த உடனே எல்லா ஊரிலும் எல்லாரும் உள்ளே போனார்கள் என்று நான் சொல்ல மாட்டேன். ஆணைக்கும் நடைமுறைக்கும் நடுவே ஊர் என்று ஒன்று இருக்கிறது. ஆனால் உங்கள் தாத்தா காலத்தில் தாலுகா எல்லை மனிதர்களின் வாழ்க்கையில் எந்த அளவுக்கு உள்ளே வந்தது என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல உதாரணம் இல்லை. புளியரையிலோ பண்பொழியிலோ தொண்ணூறு வயதுக்காரர் யாராவது இருந்தால், வீட்டில் இதைப் பற்றி என்ன பேச்சு இருந்தது என்று இப்போதே போய்க் கேளுங்கள். எந்தக் கோப்பிலும் அது கிடைக்காது.

ரயிலுக்கு வருவோம். 1904-ல் கொல்லம் – செங்கோட்டை மீட்டர்கேஜ் பாதை திறந்தது. ஆரியங்காவுக்கும் பகவதிபுரத்துக்கும் நடுவே மலையைக் குடைந்து குகை, கழுதுருட்டியில் சாலையோரமாகவே நிற்கும் பதின்மூன்று கண் பாலம். இன்று கேரளத்துக்கு ரயில் என்றால் பாலக்காடு என்று நினைக்கிறோம். திருவனந்தபுரத்துக்கு ரயில் வந்தது 1918-ல். எர்ணாகுளம் பக்கத்திலிருந்து கோட்டயம் வழியாகக் கொல்லத்துக்குப் பாதை இணைந்தது 1958-ல். நடுவில் இருந்த நாற்பது ஆண்டுகளும் சென்னையிலிருந்து திருவிதாங்கூர்த் தலைநகருக்கு ரயிலிலேயே போய்ச் சேர செங்கோட்டை வழி மட்டும்தான். திவான்களும் மாணவர்களும் வியாபாரிகளும் எங்கள் ஸ்டேஷனைத் தாண்டித்தான் போனார்கள். 2010-ல் மீட்டர்கேஜை நிறுத்திவிட்டு, 2018-ல் அகலப்பாதையாகத் திறந்தார்கள். அந்த எட்டு வருஷம் எங்கள் பக்கத்து ஆட்களுக்கு எப்படி இருந்தது என்று புனலூருக்கு வேலைக்குப் போய்வந்தவர்களைக் கேட்டால் தெரியும்.

வாஞ்சிநாதனைப் பற்றிக் கேட்காமலேயே சொல்ல வேண்டும், ஏனென்றால் செங்கோட்டை என்றதும் எல்லாருக்கும் நினைவு வருவது அவர்தான். 1886-ல் இங்கே பிறந்தவர். 1911 ஜூன் 17 அன்று மணியாச்சி சந்திப்பில் திருநெல்வேலி கலெக்டர் ஆஷை ரயில்பெட்டியில் சுட்டுவிட்டுத் தன்னையும் சுட்டுக்கொண்டார். மணியாச்சி ஸ்டேஷன் இன்று வாஞ்சி மணியாச்சி. இதெல்லாம் பாடப்புத்தகத்தில் உண்டு. அதிகம் பேசப்படாதது, அவர் திருவிதாங்கூர்க் குடிமகன் என்பது. படித்தது திருவனந்தபுரத்தில், வேலை பார்த்தது புனலூரில் சமஸ்தானக் காட்டிலாகாவில். சுட்டது பிரிட்டிஷ் எல்லைக்குள் பிரிட்டிஷ் அதிகாரியை. ஆஷ் வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்களில் சாவடி அருணாசலம் பிள்ளை போன்ற செங்கோட்டைக்காரர்கள் இருந்தார்கள். தேடுதல் வேட்டை தொடங்கியதும் தர்மராஜ ஐயர், வேங்கடேச ஐயர் என்ற இருவர் உயிரை மாய்த்துக்கொண்டார்கள். வெள்ளைக்காரப் போலீஸின் நேரடிக் கை எட்டாத சமஸ்தான எல்லைக்குள், தென்காசிக்கும் புனலூருக்கும் ரயிலில் போய்வந்துகொண்டு, ஒரு ரகசியக் கூட்டம் பேசிக்கொள்ள முடிந்தது. அந்த வசதியைக் கொடுத்தது கணவாயும் எல்லையும்தான். பதினான்கு பேர் மீதான வழக்கைச் சென்னை உயர்நீதிமன்றத்தில் விசாரித்த நீதிபதிகளில் ஒருவர் மலையாளியான சங்கரன் நாயர், அவர் மாறுபட்ட தீர்ப்பு எழுதினார். வாஞ்சியின் சட்டைப்பையில் இருந்த கடிதத்தைப் பற்றி இன்றும் கருத்துவேறுபாடு உண்டு. அதை மற்றவர் மேற்கோள் காட்டிப் படிக்காமல் முழுவதுமாக நீங்களே படித்துவிட்டு முடிவெடுப்பது நல்லது. கொண்டாடுகிறவர்களும் சரி, மறுக்கிறவர்களும் சரி, பாதி வரியோடு நிறுத்திவிடுகிறார்கள்.

வாஞ்சியின் நிழலில் இரண்டு பேர் மறைந்துபோகிறார்கள் என்பது என் மனக்குறை. ஒருவர் ஆவுடையக்காள். சிறுவயதிலேயே விதவையானவர், திருவிசநல்லூர் ஸ்ரீதர ஐயாவாளிடம் உபதேசம் பெற்றவர், அத்வைதத்தை வீட்டுப் பேச்சுத் தமிழில் பாட்டாகச் சொன்னவர். ஆசாரம், தீட்டு, எச்சில் என்று பெண்களை விரட்டிய வழக்கங்களை அந்தப் பாட்டுகள் நேருக்கு நேர் கேள்வி கேட்கின்றன. அச்சுக்கு வருவதற்கு முன்பு தலைமுறை தலைமுறையாக அவை பெண்களின் வாயிலும் கைநோட்டிலும்தான் பிழைத்துக் கிடந்தன. குற்றாலத்தில் ஓர் ஆடி அமாவாசை அன்று நீராடிவிட்டு மலையேறிப் போனவர் திரும்பவில்லை என்பது ஊரில் வழங்கும் கதை. இன்னொருவர் நாடக மேடைப் பாடகர் கிட்டப்பா. 1906-ல் பிறந்து 1933-ல் இருபத்தேழு வயதில் போய்விட்டார். மைக் இல்லாத காலத்து மேடையில் கடைசி வரிசை வரைக்கும் எட்டிய குரல். கே.பி.சுந்தராம்பாளின் கணவர் என்று இன்று சொன்னால்தான் பலருக்குப் புரிகிறது. அன்றைக்கு அவர் பேர் போட்ட நோட்டீஸுக்கே கூட்டம் வரும்.

1956-க்கு வருவோம். தமிழ்த் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்க வேண்டும் என்று திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. தலைவர்களில் முதன்மையானவர் நேசமணி. போராட்டத்தின் சூடு தெற்கேதான் அதிகம். 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டதில் உயிர்கள் போயின. அப்போது முதல்வர் பட்டம் தாணு பிள்ளை. பசல் அலி தலைமையிலான மாநில மறுசீரமைப்பு ஆணையம் 1955-ல் அறிக்கை கொடுத்தது. தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, செங்கோட்டை ஐந்தையும் சென்னைக்குக் கொடுக்கலாம், தேவிகுளம், பீர்மேடு கூடாது என்றது. முதல் நான்கும் கன்னியாகுமரி மாவட்டம் ஆயின. செங்கோட்டை திருநெல்வேலி மாவட்டத்தோடு சேர்ந்தது. அதிலும் தாலுகா முழுவதும் வரவில்லை. மேற்கே காடும் மலையுமான பகுதி அந்தப் பக்கமே நின்றுவிட்டது. ஆரியங்காவு இன்று கொல்லம் மாவட்டம், புளியரை தமிழ்நாடு. 2019 நவம்பரில் தென்காசி மாவட்டம் வந்தபின் செங்கோட்டையின் மாவட்டத் தலைநகரம் தென்காசி. எந்த ஊரிலிருந்து சுங்கமும் தபாலும் பிரித்து வைத்திருந்தனவோ, அதே ஊர்.

எல்லை போட்டபிறகும் பழைய கணக்கு முடியவில்லை. அரசியல் சட்டத்தின் 290-அ பிரிவை எடுத்துப் பாருங்கள். கேரளம் ஆண்டுதோறும் 46,50,000 ரூபாய் திருவிதாங்கூர் தேவஸ்வம் நிதிக்குக் கொடுக்க வேண்டும், தமிழ்நாடு 13,50,000 ரூபாய், 1956 நவம்பர் 1-ல் தன்னிடம் வந்த பகுதிகளில் உள்ள கோயில்களின் பராமரிப்புக்கு ஒதுக்க வேண்டும் என்று அதில் எழுதியிருக்கிறது. சமஸ்தான அரசு ஒரு காலத்தில் கோயில் நிலங்களைத் தன் கணக்கில் சேர்த்துக்கொண்டு, பதிலுக்குக் கோயில் செலவை ஏற்றது. அந்தப் பொறுப்பு இரண்டாகப் பிரிந்து நாட்டின் அரசியல் சட்டம் வரைக்கும் வந்து நிற்கிறது.

மார்கழி பிறக்கும்போது செங்கோட்டையில் இருக்க முடிந்தால் அச்சன்கோவில் ஆபரணப் பெட்டி வருவதைப் பாருங்கள். அச்சன்கோவில் ஐயப்பனின் திருவாபரணங்கள் புனலூர்க் கருவூலத்தில் பாதுகாப்பில் இருக்கின்றன. மார்கழித் திருவிழாவுக்கு அவை புறப்பட்டு, ஆரியங்காவு தாண்டி, மலையிறங்கிப் புளியரை, செங்கோட்டை வந்து, தென்காசி காசிவிசுவநாதர் கோயில் முன்பு வரவேற்பு வாங்கிக்கொண்டு, பண்பொழி, மேக்கரை, கோட்டைவாசல் வழியாக மறுபடி மலையேறி அச்சன்கோவிலுக்குப் போய்ச் சேருகின்றன. புறப்படும் இடம் கேரளம், சேரும் இடம் கேரளம், நடுவில் தமிழ்நாடு. இரண்டு மாநிலப் போலீஸும் கூட வருவார்கள். வழியெல்லாம் மாலையோடும் சரண கோஷத்தோடும் ஜனங்கள் நிற்பார்கள். மேற்கே காட்டு வழி கடினமாக இருந்த காலத்தில் புனலூரிலிருந்து அச்சன்கோவிலுக்கு ஒழுங்கான பாதை செங்கோட்டையைச் சுற்றித்தான். அந்தப் பழக்கத்தை எல்லைக் கோடு மாற்றவில்லை. ஆரியங்காவிலும் இப்படித்தான், அங்கே ஐயப்பன் திருக்கல்யாணத்துக்குப் பெண் வீட்டார் மதுரைச் சௌராஷ்டிரர்கள்.

இனி எங்கே தேடுவது. சொத்து சம்பந்தமாக என்றால் முதலில் செங்கோட்டை சார்பதிவாளர் அலுவலகம்தான். இணையத்தில் வரும் வில்லங்கச் சான்று 1923 வரைக்கும் பின்னால் போகாது. பத்திர எண், ஆண்டு, புத்தக எண் மூன்றையும் எழுதி நகல் மனு போட்டுக் கைத்தேடல் கேட்க வேண்டும். மனுவில் கொல்லம் ஆண்டையும் ஆங்கில ஆண்டையும் சேர்த்தே எழுதுங்கள். இல்லாவிட்டால் ‘அந்த வருஷப் புத்தகம் இல்லை’ என்று பதில் வர வாய்ப்பு உண்டு. தாலுகா அலுவலகத்தில் தண்டப்பேர் எண்ணைக் காட்டிப் பழைய வருவாய்ப் பேரேடு இருக்கிறதா என்று விசாரியுங்கள்.

ஊரைப் பற்றி, அரசாங்கக் கோப்புகளைப் பற்றி என்றால் திருவனந்தபுரம் போகாமல் முடியாது. கேரள அரசு ஆவணக் காப்பகத்தின் தலைமையிடம் நந்தன்கோட்டில் நளந்தா வளாகத்தில் இருக்கிறது. கோட்டைக்குள்ளே மத்திய ஆவணக் காப்பகம் இருக்கிறது. ஓலைச்சுவடிகள் அங்கேதான். மலையாளம் படிக்கத் தெரிந்த ஒருவரைக் கூட்டிப் போங்கள். செங்கோட்டைப் பத்திரங்கள் பெரும்பாலும் தமிழில் இருந்தாலும், மேலிடத்துக் கடிதப் போக்குவரத்து மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் இருக்கும். 1863 முதல் வெளிவந்த திருவிதாங்கூர் அரசிதழில் நியமனம், ஏலம், நிலம் எடுப்பு அறிவிப்புகள் உண்டு. உங்கள் குடும்பத்தில் யாராவது சர்க்கார் உத்தியோகம் பார்த்திருந்தால் பெயர் அதில் வர வாய்ப்பு அதிகம். சமஸ்தானத்தில் 1875 முதல் மக்கள்தொகைக் கணக்கெடுப்பு நடந்தது. தாலுகா வாரியான மொழி, தொழில், சாதி விவரங்களுக்கு அந்த அறிக்கைகளைப் பாருங்கள். நாகமையா 1906-லும் வேலுப்பிள்ளை 1940-லும் தொகுத்த சமஸ்தான மேனுவல்கள் ஆங்கிலத்தில் இருக்கின்றன. இரண்டிலும் தாலுகாவைப் பற்றிய பகுதிகளை ஒன்றோடொன்று வைத்துப் படியுங்கள். அரசர் தரப்பிலிருந்து எழுதப்பட்டவை என்பதை மனதில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டும்.

நீங்கள் இருக்கும் சென்னையிலேயே எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இருக்கிறது. திருநெல்வேலி மாவட்டத்துப் பழைய கோப்புகளும் ஆஷ் வழக்குக் காகிதங்களும் அங்கே. செங்கோட்டை அந்த மாவட்டத்தில் இல்லாத காலத்திலும், எல்லைத் தகராறு, காட்டு உரிமை, ஆற்றுநீர் என்று பக்கத்து அரசோடு நடந்த கடிதங்களில் நம் ஊர்ப் பெயர்கள் வரும். தமிழ்நாட்டில் தேடுகிறவர் எழும்பூரோடு நிறுத்திக்கொள்கிறார், கேரளத்தில் தேடுகிறவருக்குச் செங்கோட்டை கைவிட்டுப்போன தாலுகா என்பதால் அக்கறை இல்லை. இரண்டு பக்கமும் போகிற ஆள் இல்லாததால்தான் எங்கள் ஊரின் வரலாறு இவ்வளவு மெலிதாக இருக்கிறது. உங்களை மாதிரி ஒருவர் ஒரு பத்திரத்தைப் பிடித்துக்கொண்டு இரண்டு ஊருக்கும் போனால் அது பெரிய காரியம்.

போவதற்கு முன் அந்தத் தாளை மடிப்பு விரித்து, சங்கு தெரியும்படி ஒரு படமும், பின்பக்கப் பதிவு முத்திரையோடு ஒரு படமும் எடுத்துவிடுங்கள். பிளாஸ்டிக் உறையில் ஒட்டி லேமினேட் செய்ய வேண்டாம், பழைய தாள் அதில் கெட்டுப்போகும். நான்கெல்லை எழுதிய வரிகளைத் தனியாகப் படியெடுங்கள். வடக்கே இன்னார் நிலம், கிழக்கே இன்ன வாய்க்கால் என்று அதில் வரும் பெயர்கள்தான் 1923-ல் உங்கள் தாத்தாவைச் சுற்றி இருந்த ஆட்கள். அவர்கள் வாரிசுகள் வீட்டிலும் இதே காலத்துத் தாள்கள் இருக்கலாம். புளியரையில் அந்த வாய்க்காலின் பெயரைச் சொல்லி விசாரித்தால் யாராவது ஒருவர் வரப்பு வரைக்கும் கூட்டிக்கொண்டு போவார்.